ஜப்பான்ல மண்பாண்ட ஊருக்குப் போறீங்களா? வாங்கறதுல இருந்து உடையாம வீடு வந்து சேர்ற வரைக்கும்

ஜப்பான் போறோம், அங்க மண்பாண்டம் செய்யற ஊருக்கே போயி செஞ்சவங்க கையில இருந்தே வாங்கணும், முடிஞ்சா நாமளும் சக்கரத்துல உக்காந்து ஒண்ணு செஞ்சு பார்க்கணும்னு நினைக்கறவங்களுக்காக இதை எழுதறேன். இதுக்காக நான் தேடி அலைஞ்சப்போ தகவல் எல்லாம் மூலைக்கு ஒண்ணா கிடந்துச்சு, பாதி ஜப்பானிய மொழியில, மீதி பாதி பழைய விலையோட. அந்த அலைச்சல் உங்களுக்கு வேண்டாம். வரலாறு எதுவும் சொல்லப் போறதில்ல, எந்த ஊரு, எப்போ போறது, என்ன பேப்பர், எவ்வளவு செலவு, எங்க மாட்டிப்பீங்க, இதான் விஷயம்.

1. முதல்ல ஊரு. ஒரு ட்ரிப்புக்கு ஒண்ணு, மிஞ்சிப் போனா ரெண்டு

நெட்ல தேடினா உடனே ஆறு பழைய சூளை ஊருங்கன்னு ஒரு லிஸ்ட் வரும்: செதோ, தொகொநாமே, எச்சிஸென், ஷிகராகி, தம்பா, பிஸென். 2017ல இந்த ஆறையும் சேர்த்து ஜப்பான் ஹெரிடேஜ்னு அறிவிச்சாங்க. அந்த லிஸ்டைப் பார்த்துட்டு ஒரே வாரத்துல ஆறையும் முடிச்சிடலாம்னு பிளான் போடாதீங்க ப்ளீஸ். எச்சிஸென் ஃபுகுய் பக்கம், பிஸென் ஒகயாமா பக்கம், ரயில்லயே நாள் போயிடும், ஒரு சூளையைக் கூட நின்னு பார்த்திருக்க மாட்டீங்க. நீங்க எங்க தங்கறீங்க, என்ன மாதிரி பாத்திரம் பிடிக்கும், இதை வச்சு முடிவு பண்ணுங்க.

டோக்கியோவுல தங்கறீங்கன்னா மாஷிகோ. தோச்சிகி மாவட்டத்துல இருக்கு. தினமும் சாப்பிடறதுக்கு, டீ குடிக்கறதுக்கு உபயோகப்படற கனமான, மண் நிறம் தெரியற பாத்திரங்க. பேர்போன குயவர் ஹமாதா ஷோஜி வாழ்ந்த ஊரு, அவரோட வீடும் சூளையும் இப்போ மியூசியமா இருக்கு, கண்டிப்பா உள்ள போங்க, அவரு உலகம் பூரா சேர்த்து வச்ச சாமான்களையும் பார்க்கலாம். புதுசா தொழிலுக்கு வந்த சின்ன வயசுக்காரங்க நிறைய பேரு இங்க குடியேறி செய்யறாங்க, அதனால விலையும் கைக்கு அடங்கும். முதல் தடவை போறவங்களுக்கு என்னோட ஓட்டு இதுக்குத்தான்.

நேரமே இல்ல, நகோயா ஏர்போர்ட்ல இறங்கறேன்னா தொகொநாமே. ஏர்போர்ட்ல இருந்து மெய்தெத்சு ரயில்ல அஞ்சு நிமிஷம் போல, அவ்வளவுதான். ஸ்டேஷன்ல இருந்து நடந்தே சுத்தற பாதை போட்டு வச்சிருக்காங்க, சின்ன சுத்து 1.6 கிலோமீட்டர், பழைய மண் குழாயும் ஜாடியும் சுவரா அடுக்கின சந்து, 1887ல கட்டின பெரிய ஏறுசூளை (சரிவுல மேல ஏறிப் போற மாதிரி கட்டின சூளை) எல்லாம் வழியிலயே வந்துடும். இங்க வாங்க வேண்டியது கியூஸு, பக்கவாட்டுல கைப்பிடி வச்ச சிவப்பு மண் டீ பாட்.

கியோட்டோவுல இருந்தா ஷிகராகி. சொரசொரப்பான மண்ணு, பெரிய ஜாடி, கடை வாசல்ல எல்லாம் தொப்பியோட நிக்கற தனுகி (நாய் ஜாதி காட்டு விலங்கு) பொம்மை. ஒகயாமா, ஹிரோஷிமா பக்கம் போறவங்களுக்கு பிஸென். அங்க கிளேஸே (பாத்திரத்து மேல பூசற கண்ணாடி மாதிரி பளபளப்புப் பூச்சு) கிடையாது, சிவப்பு பைன் விறகை பத்து பதினாலு நாள் ராப்பகலா எரிக்கறாங்க, சாம்பலும் தீயும் பட்ட இடத்துல வர்ற நிறம்தான் அலங்காரம். விலை ஏன் இவ்வளவுன்னு கேக்கறவங்க அந்த விறகுக் கணக்கை யோசிச்சா போதும், வருஷத்துக்கு ஒரு தடவை ரெண்டு தடவை மட்டும் சூளை மூட்டறவங்கதான் அங்க நிறைய. கியூஷு போறவங்களுக்கு அரிதா, இது களிமண் இல்ல, வெள்ளைப் பீங்கான், மெல்லிசா, நீலத்துலயும் சிவப்புலயும் வரைஞ்சது.

2. தேதியை ஊருக்கு ஏத்த மாதிரி மாத்துங்க

செய்யறவங்களை நேர்ல பார்க்கணும்னா திருவிழா சமயம்தான் சரி. மாஷிகோவுல வருஷத்துக்கு ரெண்டு தடவை, வசந்தத்துல கோல்டன் வீக் (ஏப்ரல் கடைசி, மே ஆரம்பத்துல வர்ற தொடர் லீவு) அப்பவும், இலையுதிர் காலத்துல நவம்பர் 3ஐ ஒட்டியும். நூத்துக்கணக்குல டெண்ட் போட்டு செஞ்சவங்களே உக்காந்திருப்பாங்க. அரிதாவுல ஏப்ரல் 29ல இருந்து மே 5 வரைக்கும். செதோவுல செப்டம்பர் ரெண்டாவது சனி ஞாயிறு, பிஸென்ல அக்டோபர்.

ஆனா கோல்டன் வீக்னா ஜப்பானே லீவுல இருக்கும், அதை மறந்துடாதீங்க. அரிதா சின்ன ஊரு, அந்த ஒரு வாரத்துல லட்சக்கணக்குல ஜனம் வருது, ரூமு மாசக்கணக்குக்கு முன்னாடியே போயிடும், அதனால ஃபுகுஓகாவுலயோ சசெபோவுலயோ தங்கிட்டு காலைல முதல் ரயில்ல போறதுதான் நடக்கற காரியம். கூட்டம் ஆகாதுன்னா நவம்பர் மாஷிகோ எடுங்க, குளிர் ஆரம்பிச்சிருக்கும், ஒரு ஸ்வெட்டர் போதும்.

திருவிழா இல்லாத நாள்ல போறீங்கன்னா திங்கக்கிழமையை தவிருங்க. மியூசியம் பெரும்பாலும் திங்கள் லீவு, திங்கள் அரசு விடுமுறையா வந்துட்டா செவ்வாய் மூடுவாங்க. இன்னொண்ணு, திருவிழா முடிஞ்ச அடுத்த ரெண்டு மூணு நாள் நிறைய கடை ஓய்வுக்கு சாத்தியிருக்கும், அந்த வாரம் போயி ஏமாறாதீங்க.

3. விசாவும் பேப்பரும்

இந்தியாவுல இருந்து சுத்திப் பார்க்க போறவங்களுக்கு 2024 ஏப்ரல்ல இருந்து இ-விசா, விஎஃப்எஸ் (விசா விண்ணப்பம் வாங்கற கம்பெனி) மூலமா போடணும். ஃபார்ம், போட்டோ, பாஸ்போர்ட், பேங்க் ஸ்டேட்மெண்ட், ஐடி ரிட்டர்ன், டிக்கெட் விவரம், அப்புறம் நாள்வாரியா எங்க இருப்பேன்னு ஒரு அட்டவணை. இந்த அட்டவணையிலதான் நிறைய பேரு சும்மா டோக்கியோ, கியோட்டோன்னு நிரப்பிடறாங்க. மாஷிகோவோ பிஸெனோ எந்த நாள் போறீங்களோ அதை அப்படியே எழுதுங்க, தங்கற ஹோட்டல் அட்ரஸும் போனும் அதோட பொருந்தணும். கிளம்பறதுக்கு ஒரு மாசம் முன்னாடியே போட்டுடுங்க.

டூரிஸ்ட் விசாவுல ஒரு நாள் ரெண்டு நாள் பயிற்சி வகுப்புக்கு காசு கட்டிப் போறதுல பிரச்சனை இல்ல. ஆனா ஒரு சூளையில தங்கி வேலை பார்த்துட்டு சம்பளம் வாங்கறது கூடவே கூடாது, "சாப்பாடும் ரூமும் தர்றோம், வந்து உதவி பண்ணுங்க"ன்னு யாராவது கூப்பிட்டாலும் ஒத்துக்காதீங்க, மாட்டினா அடுத்த விசாவே கிடைக்காம போகலாம்.

உண்மையாவே மாசக்கணக்குல கத்துக்கணும்னா அதுக்கு கலாச்சார செயல்பாடுகள்னு தனி விசா வகை இருக்கு. சம்பாதிக்க முடியாது, ஆனா ஒரு நிபுணர்கிட்ட நேரடியா கத்துக்கலாம், 3 மாசம், 6 மாசம், 1 வருஷம், 3 வருஷம்னு தர்றாங்க. இதுக்கு முதல்ல ஜப்பான்ல இருக்கற குரு தரப்புல இமிக்ரேஷன் ஆபீஸ்ல தகுதிச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்கணும், குருவோட அனுபவத்துக்கு ஆதாரம், நீங்க இதுவரைக்கும் செஞ்ச வேலைக்கு ஆதாரம், செலவுக்கு கையில பணம் இருக்குன்னு ஆதாரம், மூணும் வேணும். சான்றிதழ் வர்றதுக்கே ஒண்ணுல இருந்து மூணு மாசம் வச்சுக்கோங்க, வந்த பிறகு மூணு மாசத்துக்குள்ள ஜப்பான்ல இறங்கியாகணும். ஏற்கனவே மண்ணுல வேலை பார்க்கறவங்களா இருந்தா ஷிகராகில இருக்கற செராமிக் கல்ச்சுரல் பார்க்கோட ஆர்ட்டிஸ்ட் ரெசிடென்சியைப் பாருங்க, வெளிநாட்டுக்காரங்களையும் எடுக்கறாங்க, போர்ட்ஃபோலியோ கேப்பாங்க.

4. போய்ச் சேர்றது

இங்க ஒரு பெரிய பொறி இருக்கு. ஜேஆர் பாஸ் (ஜேஆர் கம்பெனி ரயில்ல நாள்கணக்குல எவ்வளவு வேணா போற சீட்டு) எடுத்தா எல்லாம் இலவசம்னு நினைச்சுட்டு வர்றாங்க, ஆனா மாஷிகோ போற மோகா ரயில்வே, ஷிகராகி போற ஷிகராகி கோகென் ரயில்வே, தொகொநாமேவுக்கும் செதோவுக்கும் போற மெய்தெத்சு, எதுலயும் அந்த பாஸ் செல்லாது, தனியா டிக்கெட் எடுக்கணும். 7 நாள் பாஸே 2023 அக்டோபர்ல 29,650 யென்ல இருந்து 50,000 ஆயிடுச்சு, மண்பாண்ட ஊருக்காக மட்டும் பாஸ் எடுக்கறது வீண் செலவு.

மாஷிகோவுக்கு அகிஹபாராவுல இருந்து நேர் பஸ் இருக்கு, ரெண்டரை மணி நேரம் போல ஆகும், திருவிழா நாள்ல ரோட்டுல மாட்டிக்கும், அப்போ ஒயாமா, ஷிமொதாதே வழியா ரயில்ல போறது மேல். ஷிகராகிக்கு குசாத்சு போயி, கிபுகாவாவுல மாறணும். பிஸென்னு ஒரு ஸ்டேஷன் தேடாதீங்க, இறங்க வேண்டியது இம்பே, ஒகயாமாவுல இருந்து அகோ லைன்ல 40 நிமிஷம் போல, வெளிய வந்ததும் கடைத்தெருதான், பக்கத்து கோயில் வாசல்ல காவல் சிங்கம் கூட பிஸென் மண்ணுல செஞ்சது. அரிதா திருவிழாவுக்குப் போனா கமி-அரிதா ஸ்டேஷன்ல இறங்கி அரிதா ஸ்டேஷன் பக்கம் கடை கடையா பார்த்துக்கிட்டே நடங்க, நாலு கிலோமீட்டர் போல வரும்.

இந்த சின்ன லைன் எல்லாம் மணிக்கு ஒரு வண்டிதான். திரும்பற வண்டி நேரத்தை இறங்கினதும் போட்டோ எடுத்துக்கோங்க. ரயில் கார்டு எல்லா இடத்துலயும் வேலை செய்யாது, சில்லறை இருக்கட்டும்.

5. வாங்கறது

இதுக்குத்தான் இவ்வளவு தூரம் வந்திருக்கோம், அதனால நிதானமா போங்க. முதல் சுத்துல எதையும் வாங்காதீங்க. ஊரை ஒரு தடவை சுத்திட்டு, எந்தக் கப்பு மனசுலயே நிக்குதோ அதுக்கு திரும்பிப் போங்க.

கடைக்குள்ள போறப்போ முதுகுப் பையைக் கழட்டி முன்னாடி மாட்டிக்கோங்க, மோதிரம், வளையல் கழட்டிடுங்க. தொடறதுக்கு முன்னாடி கையைக் காட்டி கேளுங்க, எல்லாரும் சந்தோஷமா சரின்னுதான் சொல்வாங்க. ரெண்டு கையால, மேசைக்கு மேல தாழ்வா தூக்குங்க. மூடி இருந்தா தனியா எடுத்து வச்சுட்டு அப்புறம் பாத்திரத்தை எடுங்க. அப்புறம் திருப்பி அடியைப் பாருங்க. கால் வளையம் சொரசொரன்னு இருந்தா உங்க வீட்டு மேசையைக் கீறும், நல்லா செய்யறவங்க அதை தேய்ச்சு விட்டிருப்பாங்க. கியூஸு வாங்கறப்போ உள்ள இருக்கற வடிகட்டி உலோகமா மண்ணான்னு பாருங்க, மண்ணுலயே பொடிப்பொடியா துளை போட்டது நல்லது. மூடி ஆடாம உக்காரணும். தண்ணி ஊத்திப் பார்க்கலாமான்னு கேக்கறதுல தப்பே இல்ல, சொட்டு சிந்தாம வெட்டினாப்ல நிக்குதான்னு அப்பத்தான் தெரியும். இடதுகைக்காரங்களுக்கு செஞ்ச கியூஸுவும் இருக்கு, கேட்டா உள்ள இருந்து எடுத்துட்டு வருவாங்க.

திருவிழாவுல "பி" ரகம்னு தனியா குவிச்சு வச்சிருப்பாங்க, சின்னக் குறை இருக்கறது, விலை கம்மி. புள்ளி, நிறம் மாறினது, லேசா கோணல், இதெல்லாம் தாராளமா வாங்கலாம். மயிரிழை விரிசல் மட்டும் வேண்டாம். பீங்கானா இருந்தா விரல் நகத்தால மெதுவா தட்டினா கணீர்னு கேக்கணும், மொத்தையா சத்தம் வந்தா வச்சிடுங்க. கிளேஸ் மேல வலை மாதிரி தெரியற கோடுங்க விரிசல் இல்ல, அது சூளையில இருந்து வந்து ஆறறப்போ கிளேஸ் சுருங்கறதால வர்றது, அதுக்குப் பயப்பட வேண்டாம்.

விலை தோராயமா சொல்றேன். மாஷிகோ டெண்ட்ல ஒரு கப்பு 2,000ல இருந்து 4,000 யென், தொகொநாமேவுல நல்ல கியூஸு 4,000ல ஆரம்பிச்சு பேர்போன குயவர் செஞ்சதுன்னா பல பத்தாயிரம், பிஸென்ல கப்பே 4,000, 5,000க்கு மேல. தேநீர் சடங்குக் கிண்ணம் பக்கம் முதல் தடவையே போகாதீங்க, அங்க விலை பாத்திரத்துக்கு இல்ல, பேருக்கும் பரம்பரைக்கும், அதை எடை போட வருஷக்கணக்குல பார்த்த கண்ணு வேணும். அதே காசுக்கு தினமும் சோறு போட்டு சாப்பிடற மாதிரி நாலு கிண்ணம் வாங்கினா அந்தக் குயவரோட வேலை உங்களுக்குத் தினமும் புரியும்.

பேரம் பேசாதீங்க. ரெண்டு மூணு சேர்த்து வாங்கினா அவங்களே எதையாவது குறைப்பாங்க இல்ல ஒரு சின்னத் தட்டை சேர்த்து வைப்பாங்க. டெண்ட்ல காசுதான், கார்டை நம்பிப் போகாதீங்க, செவன் இலெவன் ஏடிஎம்ல எடுத்துக்கிட்டு போங்க.

முக்கியமா, மரப்பெட்டி. விலை கூடின பாத்திரத்துக்கு இலேசான மரத்துல ஒரு பெட்டி, மூடியில செஞ்சவர் கைப்பட பேரும் முத்திரையும் இருக்கும். இடம் அடைக்குதுன்னு அதை ஹோட்டல்லயே விட்டுட்டு வந்துட்டா அந்தப் பாத்திரத்தோட மதிப்புல பெரிய பங்கு போயிடும், இது யாரு செஞ்சதுன்னு சொல்றதுக்கு அதுதான் பத்திரம். சில துண்டுகளுக்கு பெட்டி தனியா செஞ்சு பின்னால அனுப்புவாங்க, அதுக்கு காசும் தனி, காலமும் தனி, வாங்கறப்பவே கேட்டுடுங்க.

6. நீங்களே செஞ்சு பார்க்கறது

எல்லா ஊர்லயும் இருக்கு. சக்கரம், கையாலயே உருட்டி ஏத்தறது, இல்ல ஏற்கனவே சுட்ட பாத்திரத்துல படம் வரையறது. பொதுவா 1,500ல இருந்து 5,000 யென் வரைக்கும், சுடறதுக்கான காசு சேர்ந்ததா தனியான்னு முதல்லயே கேளுங்க, நிறைய இடத்துல தனி. நகத்தை வெட்டிட்டுப் போங்க. எவ்வளவு பெருசா வேணுமோ அதை விட பெருசா செய்யுங்க, காய்ஞ்சு சுட்ட பிறகு பத்துல இருந்து பதினைஞ்சு சதவீதம் சுருங்கிடும்.

இப்போ யாரும் முன்னாடியே சொல்லாத விஷயம். அன்னைக்கே கையில கிடைக்காது! காயணும், ஒரு சூடு, கிளேஸ், மறுபடி சூடு, ஒண்ணுல இருந்து ரெண்டு மாசம். பிஸென் மாதிரி விறகுச் சூளைன்னா அடுத்த தடவை சூளை மூட்டற வரைக்கும் காத்திருக்கணும், பல மாசம் ஆகலாம். அதுக்குள்ள நீங்க ஊருக்குத் திரும்பியிருப்பீங்க, ஹோட்டல் அட்ரஸ் கொடுத்து பிரயோஜனம் இல்ல. பல பட்டறைங்க வெளிநாட்டுக்கு அனுப்பறதே இல்ல, ஜப்பானுக்குள்ள மட்டும்தான்.

அதனால புக் பண்றதுக்கு முன்னாடி கேக்க வேண்டியது ஒண்ணே ஒண்ணு: என் நாட்டுக்கு அனுப்புவீங்களா, எவ்வளவு ஆகும்? இல்லன்னு சொன்னா ரெண்டு வழி. ஜப்பான்ல தெரிஞ்சவங்க அட்ரஸ், அவங்ககிட்ட முன்கூட்டியே சொல்லி வச்சு. இல்லன்னா பார்சலை வாங்கி மாத்தி அனுப்பற கம்பெனி, அவங்க சட்டப்படி அடையாளம் சரிபார்ப்பாங்க, பாஸ்போர்ட் காப்பியும் அட்ரஸ் ப்ரூஃபும் கேப்பாங்க, அந்தக் கணக்கை கிளம்பறதுக்கு முன்னாடியே திறந்து வச்சுடுங்க. அனுப்பற செலவு பல சமயம் பாத்திர விலையைத் தாண்டிடும், ரெண்டு மூணு செஞ்சுட்டு அதுல ஒண்ணை மட்டும் சுடச் சொல்றது நல்ல கணக்கு.

7. டேக்ஸ் ஃப்ரீ

நுகர்வு வரி 10 சதவீதம். பதிவு பண்ணின கடையில 5,000 யென்னுக்கு மேல வாங்கினா சுற்றுலா வந்தவங்களுக்கு அந்த வரி கிடையாது, அசல் பாஸ்போர்ட் காட்டணும், போட்டோகாப்பி செல்லாது. 2026 நவம்பர் 1ல இருந்து வரியோட முழுக் காசு கட்டிட்டு, கிளம்பறப்போ ஏர்போர்ட்ல கஸ்டம்ஸ் பார்த்த பிறகு திரும்ப வாங்கற முறை. இந்த டேக்ஸ் ஃப்ரீ சலுகை அங்கேயே வேலை பார்க்கறவங்களுக்குப் பொருந்தாது. சின்ன சூளைக் கடையும் திருவிழா டெண்ட்டும் பெரும்பாலும் பதிவு பண்ணியிருக்க மாட்டாங்க, அவங்ககிட்ட கேட்டு சங்கடப்படுத்த வேண்டாம்.

பொறி எங்கன்னா, டேக்ஸ் ஃப்ரீயா வாங்கினதை நீங்களே தபால்ல அனுப்பிட்டு ரசீதைக் காட்டற வழியை 2025 மார்ச்சோட நிறுத்திட்டாங்க. வரி இல்லாம வாங்கினா பொருள் உங்களோட ஏர்போர்ட் வரைக்கும் வரணும். தபால்ல அனுப்பற உத்தேசம் இருந்தா வரி கட்டியே வாங்குங்க, இல்ல கடையையே நேரா வெளிநாட்டுக்கு அனுப்பச் சொல்லுங்க.

8. பேக்கிங், தபால், கஸ்டம்ஸ்

நாலஞ்சு கப்புன்னா கையிலயே கேபின் பையில கொண்டு வாங்க, அதை விட பத்திரம் எதுவும் இல்ல, எடை வரம்பு மட்டும் பாருங்க, பல ஏர்லைன்ல 7 கிலோதான். நூறு யென் கடையில குமிழ் பிளாஸ்டிக், டேப் எல்லாம் கிடைக்கும். ஒவ்வொண்ணையும் தனித்தனியா சுத்துங்க, உள்பக்கம் காகிதத்தைத் திணிங்க, மூடியையும் பாத்திரத்தையும் பிரிங்க. தட்டை படுக்க வச்சு அடுக்காதீங்க, குத்தவச்சு நிறுத்துங்க. பெட்டிக்குள்ள பெட்டி, நடுவுல நாலு விரல்கடை இடைவெளி, குலுக்கினா சத்தம் வரக்கூடாது.

தபால்னா இஎம்எஸ் (ஜப்பான் தபால் ஆபீஸோட வெளிநாட்டு விரைவுத் தபால்), 30 கிலோ வரைக்கும், 20,000 யென் வரைக்கும் இழப்பீடு சேர்ந்தே வரும், அதுக்கு மேல கொஞ்சம் கட்டி கூட்டிக்கலாம். ஆனா பேக்கிங் சரியில்லன்னா உடைஞ்சதுக்கு தர மாட்டாங்க. லேபிளை ஆன்லைன்ல நிரப்பிட்டுப் போகணும், கையால எழுதினதை வாங்க மாட்டாங்க. என்ன பொருள், எத்தனை, விலை எவ்வளவுன்னு ஒவ்வொண்ணா போடுங்க.

இந்தியாவுக்கு அனுப்பறவங்க கவனிங்க: கிஃப்ட்னு எழுதினா வரி இல்லன்னு இன்னமும் சொல்லிட்டு இருக்காங்க, அந்தச் சலுகையை 2019 டிசம்பர்ல எடுத்தாச்சு. விலையைக் குறைச்சும் எழுதாதீங்க, உடைஞ்சா இழப்பீடும் அந்தக் குறைஞ்ச விலைக்குத்தான். கையில கொண்டு வர்றவங்க எல்லா பில்லையும் ஒரே கவர்ல வச்சுக்கோங்க, டெண்ட்ல வாங்கினதுக்கு ஒரு துண்டுச் சீட்டாவது எழுதி வாங்கிடுங்க.

9. வீட்டுக்கு வந்ததும்

பீங்கானுக்கு ஒண்ணும் வேண்டாம், கழுவிட்டு உபயோகிக்கலாம், தங்கக் கோடு போட்டது மட்டும் மைக்ரோவேவ் பக்கம் போகக்கூடாது. மண் பாத்திரத்துக்கு நம்ம வீட்டுல புது மண்சட்டியைப் பழக்கற மாதிரியே ஒரு வேலை இருக்கு, அங்கயும் அரிசி கழுவின தண்ணிதான். பாத்திரம் முங்கற அளவு ஊத்தி, குளிர்ந்த தண்ணில இருந்தே சிம்ல வச்சு கொதி வந்து இருபது நிமிஷம் விட்டு, அந்தத் தண்ணியிலயே ஆற விடுங்க. டொனாபேன்னா, அதாவது சோறு ஆக்கற ஜப்பான் மண்சட்டின்னா, முதல்ல அதுல கஞ்சி காய்ச்சணும், மண்ணுல இருக்கற சின்னத் துளையெல்லாம் அதுலதான் அடையும். அடிப்பக்கம் ஈரமா இருக்கறப்போ டொனாபேவை அடுப்புல ஏத்தினா விரிசல் விட்டுடும், துணியால துடைச்சுட்டு வைங்க.

கிளேஸ் இல்லாத கியூஸுவுக்கு உள்ள சோப்பு போடாதீங்க, வெந்நீர் போதும். பிஸென் கப்பு, மாஷிகோ தட்டு எதா இருந்தாலும் உபயோகிக்கறதுக்கு முன்னாடி கொஞ்ச நேரம் தண்ணில நனைச்சுட்டு எடுத்தா குழம்புக் கறை உடனே இறங்காது. கழுவின பிறகு நல்லா காய விட்டு உள்ள வைங்க, ஈரத்தோட அலமாரில அடுக்கினா பூஞ்சை பிடிச்சு வாடை வரும், மழைக்காலத்துல ஒரு ராத்திரி முழுக்க காய விடுங்க.